ஈரோட்டு வியாபாரியின் கணக்கு

நூற்றாண்டு மலருக்கு ஒரு பெரியவரின் வாழ்க்கை வரலாற்றை எழுதித் தரும்படி மலர்க்குழுவினர் கேட்டபோது, ஈ.வெ. இராமசாமிப் பெரியாரைப் பற்றி எழுதட்டுமா என்று கேட்டேன். தொலைபேசியின் மறுமுனையில் சற்று நேரம் சத்தமில்லை. காலைக் கூட்டத்தில் தேவாரம் பாடி, நவராத்திரிக்குக் கும்பம் வைத்து வளர்ந்தவர்கள் நாங்கள். கடவுள் இல்லை என்று ஊர் ஊராகச் சொன்ன ஒருவருக்கு இந்த மலரில் என்ன இடம் என்ற கேள்வி நியாயமானதுதான். நானும் கோணேசர் தேருக்கு ஊரில் நிற்க வேண்டும் என்று விடுமுறையை ஒழுங்கு செய்கிறவள். பிறகு மலர்க்குழுத் தலைவி அக்கா, உன் விருப்பம், ஆனால் ஏன் என்பதையும் எழுது என்று சொல்லிவிட்டார். ஆகவே அதையே முதலில் எழுதுகிறேன்.

என் அம்மப்பாவுக்குத் திருகோணமலைக் கடைத்தெருவில் ஒரு பலசரக்குக் கடை இருந்தது. துறைமுகத்தில் வேலை செய்தவர்களும் மூதூரிலிருந்து வள்ளத்தில் வருகிறவர்களும் அவருடைய வாடிக்கையாளர்கள். அதற்கு முன், பதினேழு வயதில், கொழும்புப் புறக்கோட்டையில் ஒரு கடையில் பையனாக நின்றவர் அவர். 1932இல் பெரியார் இலங்கைக்கு வந்து கொழும்பில் பேசியபோது, முதலாளிக்குத் தெரியாமல் போய்க் கேட்டதாக எங்களுக்குச் சொல்லுவார். தாடி வைத்த ஒரு வியாபாரி, எங்களைப் போலவே கடையில் நின்று வளர்ந்தவர், எந்தப் பெரிய மனிதருக்கும் பயப்படாமல் பேசினார் என்பதே அவருடைய ஞாபகம். கடைசிவரை அவர் கடையில் சுவாமிப் படங்களுக்குப் பக்கத்தில் பெரியாரின் படமும் தொங்கியது. அதில் ஒரு முரண்பாடு இருப்பதாக அவருக்குத் தோன்றவில்லை. இன்னொரு முரண்பாடு அந்தக் கடைக்குள் இருந்தது. அதைக் கட்டுரையின் முடிவில் சொல்கிறேன்.

ஈ.வெ. இராமசாமி 1879 செப்டெம்பர் 17ஆம் திகதி ஈரோட்டில் பிறந்தார். தந்தை வெங்கடப்பர், தாய் சின்னத்தாயம்மாள். வெங்கடப்பர் கூலி வேலை செய்து, பிறகு வண்டி ஓட்டி, அதன்பின் சிறு மளிகைக் கடை வைத்து, கடைசியில் மொத்த வியாபார மண்டி நடத்தும் அளவுக்கு உயர்ந்தவர். வீட்டில் வைணவ பக்தி அதிகம். பண்டிதர்களும் பாகவதர்களும் வந்து தங்கி, கதை சொல்லி, சாப்பிட்டுப் போவார்கள். சிறுவன் இராமசாமி திண்ணைப் பள்ளியில் படித்தது சில வருடங்கள்தான். தாழ்ந்த சாதி என்று ஒதுக்கப்பட்டவர்களின் வீடுகளில் தண்ணீர் வாங்கிக் குடிப்பதும், சொன்ன பேச்சைக் கேளாததும் அவர்மீது இருந்த குற்றச்சாட்டுகள். படிப்பு வராது என்று முடிவு செய்து, பன்னிரண்டு வயதளவில் தந்தை அவரைக் கடையில் நிறுத்தினார்.

கடை அவருக்குப் பள்ளியைவிட நன்றாக ஒத்துவந்தது. மூட்டைகளுக்கு விலாசம் எழுதினார், மண்டிக்கு வந்த சரக்கை ஏலம் கூறினார். ஓய்வான நேரத்தில் வீட்டுக்கு வரும் பண்டிதர்களிடம் கேள்வி கேட்டு மடக்கினார். ஒருவர் ஒரு கதையில் சொன்னதையும் இன்னொருவர் அடுத்த கதையில் சொன்னதையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து, இரண்டும் பொருந்தவில்லையே என்று கேட்பது அவர் பழக்கம். வரவும் செலவும் ஒத்துவராவிட்டால் எங்கேயோ பிழை இருக்கிறது என்பது வியாபாரிக்குத் தெரியும். பின்னாளில் அவர் சாதி, சமயம், திருமணம், சொத்து என்று எதைப் பேசினாலும் இந்தக் கணக்குப்பிள்ளையின் பார்வை அதில் இருந்தது. இந்த வழக்கத்துக்கு என்ன செலவாகிறது, அந்தச் செலவு யார் தலையில் விழுகிறது என்பதே அவர் தேடிய பதில்.

பத்தொன்பது வயதில் நாகம்மையை மணந்தார். நாகம்மைக்கு அப்போது பதின்மூன்று வயது. பிறந்த ஒரே பெண்குழந்தை ஐந்து மாதத்தில் இறந்துவிட்டது. அதன்பின் பிள்ளைகள் இல்லை. 1904இல் தந்தையோடு ஏற்பட்ட மனக்கசப்பில் வீட்டை விட்டு வெளியேறி, துறவிபோலக் காசிக்குப் போனார். அங்கே சத்திரங்களில் பிராமணர்களுக்கு மட்டுமே சோறு. பசி தாங்காமல் தெருவில் எறியப்பட்ட எச்சில் இலையில் இருந்ததை எடுத்துச் சாப்பிட்டார். அவரை உள்ளே விடாமல் தள்ளிய சத்திரம், தெற்கிலிருந்த பிராமணரல்லாத வணிகர் ஒருவரின் பணத்தில் கட்டப்பட்டது என்பதை அங்கிருந்த கல்வெட்டில் கண்டார். பணம் கொடுத்தவனின் இனத்துக்கு வாசலில் இடமில்லை. ஒரு வியாபாரி மறக்கக்கூடிய கணக்கு அல்ல அது. சில காலம் கழித்து வீடு திரும்பியபோது தந்தை மண்டியை அவர் பெயருக்கே மாற்றினார். அதன்பின் ஈரோட்டில் அவர் பெயர் வளர்ந்தது.

அந்த நாட்களில் அவர் செய்த இரண்டு காரியங்களை ஒரு வைத்தியர் என்ற முறையில் குறிப்பிட விரும்புகிறேன். ஈரோட்டில் பிளேக் பரவி, ஊரார் பயந்து வீடுகளைப் பூட்டிக்கொண்டு ஓடியபோது, கைவிடப்பட்ட பிணங்களைத் தோளில் சுமந்துபோய் அடக்கம் செய்தார். மற்றது நகரசபைத் தலைவராக இருந்தபோது நடந்தது. காவிரித் தண்ணீரைக் குழாய் வழியாக ஊருக்குக் கொண்டுவரும் திட்டத்தை நிறைவேற்றினார். கொலராவும் வயிற்றோட்டமும் எத்தனை பிள்ளைகளைக் கொண்டுபோகும் என்று அறிந்தவர்களுக்கு, ஒரு தண்ணீர்க் குழாயின் அருமை தெரியும்.

தேவஸ்தானக் கமிட்டித் தலைவர் பதவியும் அவரிடம் இருந்தது என்றால் பலர் நம்ப மாட்டார்கள். கடவுள் நம்பிக்கை இல்லாதவர் கோயில் கணக்கை ஒழுங்காக வைத்திருந்தார். பிறர் பணம் பிறர் பணம்தான் என்பது கடையில் படித்த பாடம்.

1909இல் வீட்டுக்குள்ளேயே ஒரு போராட்டம் வந்தது. அவருடைய சகோதரியின் மகள் சிறு பிள்ளையாக இருக்கும்போதே மணம் செய்து வைக்கப்பட்டு, சில வாரங்களிலேயே கணவனை இழந்தாள். விதவை என்றால் என்ன என்று விளங்காத வயது. அந்தப் பிள்ளைக்கு மறுமணம் செய்துவைக்க அவர் முடிவெடுத்தார். சொந்தக்காரர் பலர் எதிர்த்தார்கள், உறவு முறிந்தது. திருமணம் நடந்தது. மேடையில் பெண்ணுரிமை பேசுவதற்குப் பல வருடங்களுக்கு முந்திய செயல் இது.

பொதுவாழ்வில் நண்பரான இராஜாஜி முதலானோரின் அழைப்பால் 1919அளவில் காங்கிரசில் சேர்ந்தார். நகரசபைத் தலைமை உட்பட அவர் வகித்த பதவிகள் இருபத்தொன்பது என்று சொல்வார்கள். எல்லாவற்றையும் விட்டார். வருமானம் தந்த வியாபாரத்தையும் விட்டார். கதர் மூட்டையைத் தோளில் வைத்துத் தெருத்தெருவாக விற்றார். ஏலம் கூறிய அதே குரல் அதற்கும் உதவியது. கள்ளுக்கு எதிரான இயக்கத்தின்போது, கள் இறக்கப் பயன்படும் என்பதால் தன் தோப்பிலிருந்த ஐந்நூறு தென்னைகளை வெட்டிச் சாய்த்தார். 1921இல் கள்ளுக்கடை மறியலில் அவர் கைதானபோது நாகம்மையும் தங்கை கண்ணம்மாளும் மறியலைத் தொடர்ந்தார்கள். அதுவரை வீட்டு வாசலைத் தாண்டாத குடும்பப் பெண்கள் அவர்கள். மறியலை நிறுத்துவது ஈரோட்டில் இருக்கும் இரண்டு பெண்களின் கையில் இருக்கிறது என்ற கருத்தில் காந்தியடிகள் பேசினார் என்பது வரலாறு.

1924இல் திருவிதாங்கூரின் வைக்கத்தில், கோயிலைச் சுற்றியிருந்த வீதிகளில் தாழ்த்தப்பட்டோர் நடக்கக்கூடாது என்ற தடைக்கு எதிராகச் சத்தியாக்கிரகம் நடந்தது. தலைவர்கள் சிறைப்பட்டதும் பெரியாருக்கு அழைப்பு வந்தது. போய் இரண்டு முறை சிறை சென்றார். நாகம்மையும் அங்கே போய்ப் பெண்களைத் திரட்டினார். 1925இல் பெரும்பாலான வீதிகள் திறக்கப்பட்டன. அதே ஆண்டு மே மாதம் ஈரோட்டிலிருந்து குடிஅரசு வார இதழைத் தொடங்கினார். சாதி அடிப்படையில் ஒதுக்கப்பட்டவர்களுக்கு உரிய பங்கு வேண்டும் என்ற அவருடைய தீர்மானத்தைக் காஞ்சிபுரம் மாநாடு ஏற்காதபோது காங்கிரசை விட்டு வெளியேறினார். சுயமரியாதை இயக்கம் வளர்ந்தது.

இங்கிருந்துதான் அவர் வாழ்க்கை எங்களுடையதைத் தொடுகிறது. 1929 பெப்ரவரியில் செங்கல்பட்டில் முதலாவது சுயமரியாதை மாகாண மாநாடு கூடியது. பெண்ணுக்கு ஆணோடு சமமான சொத்துரிமை, மணவிலக்குப் பெறும் உரிமை, விதவைக்கு மறுமணம், பதினாறு வயதுக்கு முன் பெண்ணுக்குத் திருமணம் கூடாது, ஆரம்பப் பாடசாலைகளில் பெண்களையே ஆசிரியராக நியமிக்க வேண்டும் என்ற வகையில் தீர்மானங்கள் நிறைவேறின. நம் பாட்டிமாரின் காலம் அது. பல வீடுகளில் பெண்பிள்ளை எழுத்துக் கூட்டி வாசிப்பதே போதும் என்றிருந்தது. சொத்துரிமைத் தீர்மானம் தமிழ்நாட்டில் சட்டமாக அறுபது வருடம் சென்றது. 1989இல்தான் அங்கே பரம்பரைச் சொத்தில் மகளுக்கும் சமபங்கு என்று சட்டம் திருத்தப்பட்டது. கிழக்கிலங்கையில் பல ஊர்களில் வீடு பெண்பிள்ளைக்கே என்பது பழைய வழக்கம் என்பதால், இதன் பெறுமதி எங்களுக்கு உடனே விளங்காமல் போகலாம். சீதனமாக வரும் வீட்டின் உறுதியை யார் பெட்டியில் வைத்திருக்கிறார்கள் என்று யோசித்தால் விளங்கும்.

பிள்ளைப்பேற்றைப் பற்றி அவர் எழுதியதுதான் என்னை அவரிடம் கொண்டுசேர்த்தது. 1930அளவில் கர்ப்பத்தடையை ஆதரித்துப் பேசிய வேறு பலரும் இருந்தார்கள். தாயின் உடல்நலம், குடும்பத்தின் வறுமை, நாட்டின் சனத்தொகை என்பன அவர்களுடைய காரணங்கள். அவை சரியான காரணங்களே. கிளினிக்கில் நானும் அவற்றைச் சொல்லுகிறேன். பெரியாரின் காரணம் வேறு. பிள்ளை வேண்டுமா, எப்போது, எத்தனை என்று தீர்மானிக்க முடியாத பெண் வேறு எந்த விடயத்திலும் சுதந்திரமாக இருக்க முடியாது என்பதால் அது வேண்டும் என்றார். வைத்தியப் படிப்பில்லாத ஒரு மண்டி வியாபாரி, எங்கள் பாடப்புத்தகங்கள் பல பத்தாண்டுகள் கழித்து வந்துசேர்ந்த இடத்துக்கு முன்பே போயிருந்தார். பெண் ஏன் அடிமையானாள் என்ற அவருடைய சிறு நூலை நான் முதலில் வாசித்தது உள்ளகப் பயிற்சிக் காலத்தில், ஓர் இரவுக் கடமையின்போது. அன்று மாலை, ஆறாவது பிள்ளையைப் பெற்ற ஒரு தாய், இனி வேண்டாம் என்று சொல்ல விரும்பியும், மாமியாரைக் கேட்க வேண்டும் என்று சொல்லி அழுதுகொண்டிருந்தார். அந்தத் தாயின் முகம்தான் அந்தப் பக்கங்களில் எனக்குத் தெரிந்தது.

1931 டிசெம்பரில் ஐரோப்பாவுக்குக் கப்பலேறி, சோவியத் ரஷ்யா, ஜேர்மனி, இங்கிலாந்து முதலிய நாடுகளைப் பார்த்துவிட்டு, திரும்பும் வழியில் 1932 ஒக்டோபரில் இலங்கைக்கு வந்தார். அவர் வந்த இலங்கையில், டொனமூர் சீர்திருத்தத்தின்படி 1931இலேயே இருபத்தொரு வயதான ஆண், பெண் எல்லோருக்கும் வாக்குரிமை கிடைத்திருந்தது. அந்த 1932இல்தான் நேசம் சரவணமுத்து அம்மையார் கொழும்பு வடக்கிலிருந்து அரசுப் பேரவைக்குத் தெரிவானார். தமிழ்நாட்டுப் பெண்களுக்கு அந்த உரிமை கிடைக்க இன்னும் ஏறக்குறைய இருபது வருடங்கள் இருந்தன.

1933 மே மாதம் நாகம்மை இறந்தார். துக்கம் அனுட்டிக்காமல் மறுநாளே பொதுவேலைக்குப் புறப்பட்டவர், குடிஅரசில் மனைவியைப் பற்றி ஒரு நீண்ட குறிப்பு எழுதினார். பெண் விடுதலை பற்றி ஊருக்குச் சொன்னதில் ஒரு சிறு பங்கைக்கூடத் தன் மனைவி விடயத்தில் தான் நடத்திக் காட்டவில்லை என்று அதில் ஒப்புக்கொண்டார். இளம் வயதில், கோயிலுக்குப் போன நாகம்மையைத் தன் கூட்டாளிகளைக் கொண்டு கேலி செய்து பயப்படுத்தியவர் அவர். வந்த விருந்தாளிகளுக்கெல்லாம் சமைத்துப் போட்டவர் நாகம்மை. மனைவி இறந்தபின் புகழ்ந்து எழுதுகிறவர்கள் பலர். தன் பேரேட்டில் கடன் பக்கத்தைத் திறந்து காட்டியவர்கள் குறைவு. அவருடைய வாழ்க்கையில் நான் அதிகம் மதிக்கும் பக்கம் இதுதான்.

1938 நவம்பர் 13ஆம் திகதி சென்னையில் தமிழ்நாட்டுப் பெண்கள் மாநாடு நடந்தது. மறைமலையடிகளின் மகள் நீலாம்பிகை அம்மையார் தலைமை வகித்தார். ஈ.வெ.ரா.வை இனிப் பெரியார் என்றே அழைக்க வேண்டும் என்று அந்தப் பெண்கள் தீர்மானித்தார்கள். அவர் பெயரைக் கேட்டாலே தாடியும் தடியும் நினைவுக்கு வருகிறவர்கள், அந்தப் பட்டத்தைக் கொடுத்தவர்கள் பெண்கள் என்பதை அறிய வேண்டும். கட்டாய இந்திக்கு எதிரான போராட்டத்தில் பெண்களைத் தூண்டினார் என்று அதன்பின் அவர் சிறையில் போடப்பட்டார். சிறையிலிருக்கும்போதே நீதிக்கட்சியின் தலைவராகத் தெரிவானார். 1944இல் சேலத்தில் அது திராவிடர் கழகமாயிற்று. தேர்தலில் நிற்பதில்லை, பதவி ஏற்பதில்லை என்பது அவருடைய கொள்கை.

1949இல், எழுபதாவது வயதை நெருங்கும்போது, தன்னைப் பராமரித்துவந்த மணியம்மையை மணந்தார். மணியம்மைக்கு அப்போது முப்பது வயதளவு. இயக்கத்தின் சொத்தைப் பாதுகாக்கச் சட்டப்படி ஒரு வாரிசு தேவை என்பது அவர் சொன்ன காரணம். பொருந்தாத் திருமணத்தைக் கண்டித்தவரே இப்படிச் செய்யலாமா என்று தொண்டர்கள் கேட்டார்கள். அண்ணாதுரை பிரிந்துபோய்த் திராவிட முன்னேற்றக் கழகத்தைத் தொடங்கினார். கேள்வி கேட்டவர்கள் பக்கத்திலும் நியாயம் இருந்தது என்றே நான் நினைக்கிறேன். பதினெட்டு வருடங்கள் கழித்து, 1967இல் அண்ணா முதலமைச்சரானதும் பெரியாரைத் தேடிப்போய்ச் சந்தித்தார். புரோகிதர் இல்லாமல் நடக்கும் சுயமரியாதைத் திருமணம் அந்த ஆட்சியில்தான் சட்டப்படி செல்லுபடியாயிற்று.

சிக்கனம் அவரை விட்டுப் போகவில்லை. கையெழுத்துக்கும், குழந்தைக்குப் பெயர் வைப்பதற்கும், தன்னோடு படம் எடுப்பதற்கும் காசு வாங்கி இயக்கத்தில் சேர்த்தார். பலர் சிரித்தார்கள். சேர்ந்த பணத்தில் பாடசாலைகளும் பிள்ளைகள் இல்லங்களும் நடந்தன. முதுமையில் சிறுநீர் வெளியேற வயிற்றோடு குழாய் பொருத்தியிருந்தார்கள். அந்த நிலையில் உள்ள நோயாளியை நாங்கள் வீட்டில் ஓய்வாக இருக்கச் சொல்லுவோம். அவர் அந்தக் குழாயோடும் போத்தலோடும் வானில் ஊர் ஊராகப் போனார். 1973 டிசெம்பர் 19ஆம் திகதி சென்னை தியாகராயநகரில் பேசியதே கடைசிப் பேச்சு. ஐந்து நாட்களின் பின், வேலூர் வைத்தியசாலையில், தொண்ணூற்று நான்காவது வயதில் காலமானார்.

இனி, அம்மப்பாவின் கடைக்கு வருகிறேன். கடையை விற்றபோது பழைய கணக்குக் கொப்பிகள் ஒரு பெட்டி நிறைய எங்கள் வீட்டுக்கு வந்தன. கடைக் கணக்கோடு வீட்டுச் செலவையும் அவர் எழுதி வைத்திருந்தார். மாமாவுக்குப் பாடசாலைச் செலவு, பெரியம்மாவுக்குப் பாடசாலைச் செலவு என்று வரிசையாக வருகிறது. 1955இல் பெரியம்மாவின் வரி நின்றுவிடுகிறது. அந்த வருடம் அவர் பெரியபிள்ளையானார். மாமாவின் வரி யாழ்ப்பாணம், கொழும்பு என்று தொடர்ந்து போகிறது. வகுப்பில் கணக்கில் முதலாவதாக வந்தவர் பெரியம்மா. பெரியாரின் பேச்சைக் கேட்க முதலாளியை ஏமாற்றிப் போன அதே அம்மப்பாதான் அவரை வீட்டில் நிறுத்தினார்.

சில வருடங்களின் பின் என் அம்மாவுக்கும் அந்த முறை வந்தபோது, பெரியம்மா கடைக்குப் போய், பெரியாரின் படத்துக்குக் கீழே, தகப்பனின் முன்னால் நின்றாராம். என்ன பேசினார் என்று இருவரும் ஒருவருக்கும் சொல்லவில்லை. அடுத்த நாள் அம்மா வழக்கம்போல நம் பாடசாலைக்குப் போனார். கொப்பியில் அம்மாவின் வரி நிற்கவில்லை. அதனால்தான் நான் இங்கே படித்தேன், வைத்தியரானேன், இன்று இதை எழுதுகிறேன். அம்மப்பா கடைசிக் காலத்தில், மூத்தவளுக்குத் தான் கடன்பட்டிருப்பதாக என்னிடம் சொன்னார். பெரியம்மா அதைக் கேட்டுவிட்டு, தேநீர் ஆறுகிறது, குடியுங்கோ அப்பா என்று மட்டும் சொன்னார்.

உலகெங்கும் இருக்கிற எங்கள் பழைய மாணவியர் பலருடைய வீட்டிலும் இப்படி நின்றுபோன ஒரு வரி இருக்கும். அக்காவாக, சித்தியாக, நம்மோடு ஒன்பதாம் வகுப்புவரை ஒரே வாங்கில் இருந்து பிறகு வராமல் போன தோழியாக. நூறு வருடத்தைக் கொண்டாடும்போது அவர்களையும் நினைத்துக்கொள்வோம். இன்று நம் பாடசாலையில் அந்த வயதில் இருக்கும் பிள்ளைகளில் யாருடைய வரி நிற்கப்போகிறது என்று அதிபரிடம் விசாரித்து, அதைத் தொடர்ந்து எழுத நம்மால் முடியும். பெரியம்மா இந்த மலருக்காகக் காத்திருக்கிறார். எண்பது வயது தாண்டியும் மூக்குக் கண்ணாடியோடு எல்லாவற்றையும் வாசிக்கிறவர். கணக்கில் பிழை இருந்தால் கட்டாயம் சொல்லுவார்.